ஷிபுயாவின் யூரோஸ்பேஸ்: ஒரு தயாரிப்பாளர் தொடங்கிய திரையரங்கு

தோக்கியோவின் ஷிபுயா நிலையத்தில் ஹாச்சிகோ வாசல் வழியாக வெளியே வந்து, நான்கு திசைகளிலிருந்தும் மக்கள் ஒரே நேரத்தில் குறுக்கே நடக்கும் அந்தப் பெரிய சந்திப்பைத் தாண்டி, மேட்டில் பத்து நிமிடம் நடந்தால் மருயாமாச்சோ வந்துவிடும். மணிக்கணக்கில் அறை வாடகைக்கு விடும் விடுதிகள் நெருக்கியடித்து நிற்கும் அந்தக் குறுகிய தெருக்களுக்கு நடுவே கினோஹவுஸ் என்ற கட்டடம் இருக்கிறது. அதன் மூன்றாம் தளத்தில், 92 இருக்கைகள் கொண்ட ஓர் அரங்கும் 145 இருக்கைகள் கொண்ட இன்னோர் அரங்குமாக இயங்குவதுதான் யூரோஸ்பேஸ். இதை வெறும் திரையரங்காக மட்டும் மதிப்பிட என்னால் முடியவில்லை. ஹொரிகோஷி கென்சோ என்ற சுயாதீனத் தயாரிப்பாளரின் வாழ்க்கைப் பணி முழுவதும் இந்த அரங்கிலிருந்து கிளைத்தது என்பதே அதற்குக் காரணம்.

1982இல் ஷிபுயாவிலேயே வேறோர் இடத்தில் யூரோஸ்பேஸைத் தொடங்கிய ஹொரிகோஷி, படம் எடுப்பவராக அல்ல, படம் காட்டுபவராகத்தான் இத்துறைக்குள் வந்தார். பெரிய நிறுவனங்களின் கிளை அரங்குகளைச் சாராமல் தனித்து இயங்கும் இத்தகைய சிறிய அரங்குகளை ஜப்பானில் 'மினி தியேட்டர்' என்பார்கள். அதன் வலிமை என்னவென்று 1987இல் இந்த அரங்கு காட்டியது. இரண்டாம் உலகப் போருக்குச் சக்கரவர்த்தியே பொறுப்பு என்று வெளிப்படையாகக் குற்றம் சாட்டிய முன்னாள் படைவீரர் ஒகுசாகி கென்சோவைப் பின்தொடரும் ஹரா கஸுவோவின் 'யுகி யுகிதே ஷிங்குன்' என்ற ஆவணப்படம், ஹிரோஹித்தோ சக்கரவர்த்தி இன்னும் உயிரோடு இருந்த அந்த ஆண்டில் யூரோஸ்பேஸில் திரையிடப்பட்டு, நீண்ட காலம் கூட்டத்தோடு ஓடியது. அப்படி ஒரு படத்துக்குக் கதவைத் திறந்துவிட ஓர் அரங்கு உரிமையாளருக்கு எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும் என்பதை நான் பலமுறை நினைத்துப் பார்த்திருக்கிறேன்.

திரையிடுவதிலிருந்து விநியோகத்துக்கும், விநியோகத்திலிருந்து தயாரிப்புக்கும் ஹொரிகோஷி படிப்படியாக நகர்ந்தார். புரூக்ளினின் ஒரு சுருட்டுக் கடையைச் சுற்றி நடக்கும் 'ஸ்மோக்' (1995) என்ற அமெரிக்கப் படத்தின் தயாரிப்பாளர்களில் அவரும் ஒருவர். ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியாரோஸ்தமியின் படங்களை ஜப்பானிய ரசிகர்களிடம் கொண்டுசேர்த்த அவரே, பின்னாளில் அந்த இயக்குநரைத் தோக்கியோவுக்கு வரவழைத்து, பிரான்சின் எம்கே2 நிறுவனத்தோடு இணைந்து 'லைக் சம்ஒன் இன் லவ்' (2012) படத்தைத் தயாரித்தார். இயக்குநர் ஈரானியர், பணம் பிரான்சிலிருந்தும் ஜப்பானிலிருந்தும், உரையாடல் முழுக்க ஜப்பானிய மொழி. அதுவரை துணை நடிகராகவே காலம் தள்ளிய ஒகுனோ தாதாஷி, எண்பது வயதைக் கடந்த நிலையில் முதன்மை வேடம் ஏற்று நடித்த படம் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்குச் சென்றது. பிரெஞ்சு இயக்குநர் லியோ காராக்ஸின் 'அன்னெத்' (2021) படத்திலும் யூரோஸ்பேஸ் இணைத் தயாரிப்பாளர்.

அரங்கின் நிர்வாகத்தில் எனக்கு மிகவும் பிடித்தது, கட்டடம் முழுவதையும் சினிமாவுக்கே ஒதுக்கிய ஏற்பாடு. நான்காம் தளத்தில் பழைய படங்களைத் திரையிடும் சினிமாவேரா. இரண்டாம் தளத்தில் நிகழ்ச்சிகளுக்கான யூரோலைவ். அடித்தளத்தில், 1997இல் உருவாகி 2011இல் இங்கே குடிவந்த 'எய்கா பிகக்கோ' திரைப்படப் பள்ளி. கீழே பாடம் படிக்கும் மாணவர் படியேறி வந்தால் மூன்றாம் தளத்தில் புதுப் படம், இன்னும் ஒரு தளம் ஏறினால் அரை நூற்றாண்டுக்கு முந்தைய படம். இதைவிட நல்ல பள்ளிக்கூடத்தை நான் கண்டதில்லை.

வெளிநாட்டிலிருந்து செல்பவர்கள் ஒன்றை மனத்தில் கொள்ள வேண்டும். பிறமொழிப் படங்களுக்கு இங்கே ஜப்பானியத் துணைத்தலைப்புதான் வரும். ஜப்பானியப் படங்களுக்குப் பெரும்பாலும் எந்தத் துணைத்தலைப்பும் இராது. மொழி அரைகுறையாகத் தெரிந்தவர்கள் கதையை முன்கூட்டியே படித்துவிட்டுச் செல்வது நல்லது.

கொரோனாக் காலத்தில் இத்தகைய அரங்குகள் மூடப்பட்டபோது, இயக்குநர்கள் ஃபுகாதா கோஜியும் ஹமாகுச்சி ரியூசுகேவும் முன்னின்று தொடங்கிய நிதித் திரட்டலுக்கு ஏறக்குறைய 30,000 பேர் 33 கோடி யென்னுக்கும் மேல் கொடுத்தார்கள். ஆனாலும் 2021இல் ஷிபுயாவிலேயே அப்லிங்க் அரங்கும், 2022இல் தோக்கியோவின் ஜிம்போச்சோ பகுதியிலிருந்த இவனாமி ஹால் அரங்கும் மூடிவிட்டன. அந்தப் பெயர்களை நினைக்கும்போது யூரோஸ்பேஸின் படிகளில் ஏறுவது எனக்கு இன்னும் அருமையாகத் தோன்றுகிறது.

முன்கூடத்தில் வரப்போகும் படங்களின் துண்டறிக்கைகளை வரிசையாக அடுக்கி வைத்திருப்பார்கள். கெட்டித் தாளில், அழகான அச்சில், யாரும் இலவசமாக எடுத்துக்கொள்ளலாம். கடைசியாகச் சென்ற மழைநாள் மாலையில், முதியவர் ஒருவர் அவற்றில் வகைக்கு ஒன்றாக எடுத்து, ஓரம் மடங்காமல் ஒரு பிளாஸ்டிக் உறைக்குள் செருகி, பையில் வைத்துக்கொண்ட பிறகே அரங்குக்குள் நுழைந்தார். நானும் ஐந்தாறு எடுத்துக்கொண்டேன். அவற்றில் இரண்டு படங்களுக்காக அடுத்த மாதம் மீண்டும் செல்கிறேன்.