காரத்தை விடாத வாஷர்: வினிகர் மிளகாய்ச் சாஸ் அரைக்கும் எங்கள் மிக்ஸியைப் பற்றி

தென்னாப்பிரிக்காவில், எங்கள் டர்பன் நகரின் சாட்ஸ்வர்த் பகுதியில் உள்ள கடை ஒன்றில், எங்கள் வீட்டில் இருக்கும் அதே மாடல் மிக்ஸிக்கு இந்த மாதம் கணிசமாக விலை குறைத்திருக்கிறார்கள். பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் இருக்கும் என் நாத்தனார் அந்த விளம்பரத்தைப் படமெடுத்து அனுப்பி, “அண்ணி, நீங்கள் இதில்தானே சாஸ் அரைக்கிறீர்கள், வாங்கலாமா?” என்று கேட்டிருந்தாள். ஒரு வரியில் பதில் சொல்லிவிடலாம் என்றுதான் நினைத்தேன். போன வாரம்தான் அதே மிக்ஸியின் ஜாரைப் பழுது பார்த்து வாங்கி வந்திருந்ததால், ஒரு வரியில் அடங்கவில்லை. 750 வாட், மூன்று ஜார், மூன்று வேகம் என்பதெல்லாம் அட்டைப்பெட்டியிலேயே அச்சிட்டிருப்பதால் அவற்றை விட்டுவிடுகிறேன். இட்லி மாவும் தேங்காய்ச் சட்னியும் எந்த மிக்ஸியிலும் அரைபடும். பழுத்த மிளகாயும் உப்பும் வினிகரும் சேர்ந்து சுழலும்போதுதான் ஒரு மிக்ஸியின் யோக்கியதை தெரியவரும் என்பது என் கருத்து.

எங்கள் வீட்டில் சாஸ் செய்ய இரண்டு வழிகள் உண்டு. விருந்தினர் வரப்போகிறார்கள் என்றால், காம்பு கிள்ளிய சிவப்பு மிளகாயையும் பூண்டையும் உப்புச் சேர்த்து வினிகரிலேயே சில நிமிடங்கள் கொதிக்கவிட்டு, நன்றாக ஆறிய பின் அரைத்துவிடுவோம். ஆற விடாமல் அரைத்தால் ஜாருக்குள் ஆவி முட்டி மூடியைத் தள்ளிவிடும் என்பதை இங்கேயே சொல்லிவைக்கிறேன். நிதானமாகச் செய்ய நேரம் இருந்தால், நறுக்கிய மிளகாயின் எடையில் 100க்கு 3 பங்கு உப்பைப் பிசிறி, விட்ட சாற்றுக்குள் மிளகாய் முழுவதும் அமிழ்ந்திருக்கும்படி மேலே ஒரு பளுவை வைத்து, கண்ணாடிச் சாடியில் புளிக்க விடுவோம். மூடியை இறுக்கக் கூடாது; உள்ளே உண்டாகும் வாயு வெளியேற வேண்டும். டர்பனின் பிப்ரவரி வெக்கையில் ஓரிரு நாளிலேயே குமிழ் விடத் தொடங்கிவிடும். இங்கே குளிர்காலமான ஜூலையில் அதே சாடி சமையலறை மூலையில் சோம்பிக் கிடக்கும். புளித்ததை அரைக்கும்போதுதான் வினிகர் சேர்ப்போம். இங்கே எல்லாக் கடைகளிலும் கிடைக்கும் வெள்ளை ஸ்பிரிட் வினிகரே போதும். சிப்ஸுக்கு ஊற்றும் பழுப்பு வினிகர் நிறத்தைக் கெடுத்துவிடும். பூண்டு சில சமயம் அமிலத்தில் பச்சையாகவோ நீலமாகவோ மாறும்; பார்க்கத்தான் பயமாக இருக்கும், தின்பதற்குத் தீங்கில்லை. அரைத்து முடித்ததும், புளிப்பை அளக்கும் பிஎச் தாள் ஒன்றை நனைத்துப் பார்ப்பது வழக்கம்; எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம். பொட்டுலிசம் நச்சை உண்டாக்கும் கிருமி வளராமலிருக்க 4.6க்குக் கீழே இருக்க வேண்டும் என்பது விதி; நான் 4க்குக் கீழே வந்தால்தான் பாட்டிலில் அடைப்பேன்.

இனி பாராட்டு. அதைக் குறைத்துச் சொல்ல என் மனச்சாட்சி இடம் தராது. நூறாண்டு கடந்த வார்விக் காலைச் சந்தையில் நீள மிளகாய் நன்கு பழுத்து மலிவாக வரும்போது அள்ளிக்கொண்டு வருவேன். அதோடு உறைப்புக்காக ஒரு கைப்பிடி பேரிப்பேரி மிளகாயும் கலப்பேன். பேரிப்பேரியில் சதை குறைவு, விதை அதிகம், தோலும் லேசில் மசியாது. முன்பு எங்களிடம் இருந்த கண்ணாடி ஜார் பிளெண்டரில் அது துண்டு துண்டாக மேலே மிதக்கும். சாஸை ஊற்றினால் முதலில் தண்ணீரும் பிறகு சக்கையும் வரும். இந்த மிக்ஸியில் முதலில் வினிகர் இல்லாமல் நிறுத்தி நிறுத்தி ஓடவிட்டு, பிறகு வினிகரைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றி மூன்றாம் வேகத்தில் அரைத்தால், வடிகட்டியில் தங்குவது உள்ளங்கையில் அடங்கும் ஒரு சிறு உருண்டை மட்டுமே. சாஸ் கரண்டியின் முதுகில் படலமாக ஒட்டி நிற்கும். கெட்டிப்படுத்தச் சாந்தன் பசை எதுவும் சேர்க்க வேண்டியதில்லை. 1868 முதல் லூசியானாவின் ஏவரி தீவில் செய்துவரும் டபாஸ்கோவிலும் மிளகாய், உப்பு, வினிகர் என்ற மூன்றைத் தவிர வேறொன்றும் இல்லை; அவர்கள் அரைத்த மிளகாயை மரப் பீப்பாயில் ஆண்டுக்கணக்கில் வைத்திருப்பார்கள், நமக்கு அந்தப் பொறுமையும் இல்லை, பீப்பாயும் இல்லை. பாட்டிலில் அடைத்த சாஸ் நாள்பட்டால் கொஞ்சம் பிரியத்தான் செய்கிறது, ஒரு குலுக்கில் சேர்ந்துகொள்கிறது. மோட்டாரும் சளைக்காது. வினிகர் ஊற்றாமல் கெட்டி விழுதை அதிக நேரம் ஓட்டினால் மட்டும் அடியிலுள்ள சிவப்புப் பொத்தான் வெளியே தள்ளிக்கொண்டு நின்றுவிடும். சற்று ஆறவிட்டு அமுக்கினால் மறுபடி ஓடும். அது மோட்டாரைக் காப்பதற்கான ஏற்பாடு, அதைக் குறையாக எழுத மாட்டேன்.

இன்னொரு நல்ல குணம், மூடி. மிளகாய் அரைக்கும் வீட்டில் நெடி என்றால் என்னவென்று சொல்ல வேண்டியதில்லை. வினிகரோடு சேர்ந்த மிளகாய் நெடி அதைவிட ஒரு படி மேல். கமறல் தொடங்கினால் பக்கத்து வீட்டார் வரை இருமுவார்கள். இந்த மிக்ஸியின் மூடி அந்த நெடியை ஒரு துளியும் வெளியே விடுவதில்லை. அதற்குக் காரணம் மூடியின் உட்புறக் காடியில் பொருந்தியிருக்கும் சாம்பல் நிற வாஷர். நல்ல தடிமன், நல்ல இறுக்கம். மூடியைத் திறப்பதற்குக் கட்டை விரல்கள் இரண்டும் வேண்டும்.

அந்த வாஷர்தான் என் பிராணனையும் வாங்குகிறது.

மிளகாயின் உறைப்புக்குக் காரணமான கேப்சைசின் தண்ணீரில் கரைவதில்லை, கொழுப்பில்தான் கரையும் என்று படித்திருக்கிறோம். ரப்பர் அதைத் தாராளமாக உள்ளே வாங்கி வைத்துக்கொள்ளும் என்பதைப் பெட்டியோடு வந்த கையேடு சொல்லவில்லை. அரைத்தவுடன் வாஷரைக் கத்தி முனையால் நெம்பி எடுத்தால், காடியின் அடியில் செக்கச்சிவந்த விழுது வளையமாகப் படிந்திருக்கும். அதைத் துடைத்துவிடலாம். வாஷருக்குள் ஊறியதை என்ன செய்வது? சோப்பு நீரில் ஊறவைத்தும் வெயிலில் காயவைத்தும் முகர்ந்தால் வினிகர் வாசனை போயிருக்கும். நாக்கு நுனியில் வைத்தால் சுரீரென்று இழுக்கும். கொதிநீரில் போட்டால், அடக்கிவைத்திருந்த நெடி முழுவதும் ஆவியோடு எழுந்து அடுப்படியையே விட்டு ஓட வைக்கும். ஓரளவு பயன் தந்தது ஒன்றுதான்: சமையல் எண்ணெயை வாஷர் முழுவதும் தடவி ஒரு மணி நேரம் விட்டு, எண்ணெயோடு காரமும் இறங்கிய பிறகு பாத்திர சோப்பால் இரண்டு முறை கழுவுவது. அப்படியும் முழுவதும் போகாது.

பெரிய ஜாருக்கும் நடு ஜாருக்கும் ஒரே அளவு மூடி என்பதைக் கடைக்காரர் ஒரு வசதியாகச் சொல்லித்தான் விற்றார். புரட்டாசி சனிக்கிழமைப் படையலுக்குப் பாயசம் வைக்க நடு ஜாரில் தேங்காய் அரைத்தபோது அந்த வசதியின் பலனை நாங்கள் அனுபவித்தோம். சாஸ் அரைக்கும் ஜார் வேறு, ஆனால் மூடிகள் இடம் மாறியிருந்தன. பார்வைக்கு இரண்டுக்கும் எந்த வேறுபாடும் இல்லை. என் மாமியார் ஒரு கரண்டி வாயில் விட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, “உங்கள் டோங்காட் பக்கம் பாயசத்தில் மிளகாய் போடுவார்களா, அம்மா?” என்று கேட்டார். இன்று வரை உறவினர் யார் வந்தாலும் அந்தக் கேள்வியை எனக்கு நினைவுபடுத்துகிறார். அதற்குப் பிறகு ஒரு மூடியின் மேல் சிவப்பு நகப்பூச்சால் ஒரு பொட்டு வைத்தேன். ஒரே ஒரு மூடியைச் சிவப்பு நிறத்தில் வார்த்துக் கொடுக்க அந்தக் கம்பெனிக்கு என்ன செலவாகிவிடும்?

சரி, சாஸுக்கென்று தனியாக ஒரு வாஷர் வாங்கிவிடலாம் என்று விற்ற கடைக்குப் போனேன். வாஷர் தனியாகக் கிடைக்காதாம். மூடியோடு சேர்த்துத்தான் வாங்க வேண்டுமாம். மூடியும் கையிருப்பில் இல்லையாம், இந்தியாவிலிருந்து சரக்கு வரும்போது சொல்லியனுப்புவார்களாம். இந்தப் பதிலை வெவ்வேறு பருவங்களில், ஒரே சொற்களில், ஒரே சிரிப்போடு கேட்டுவிட்டேன். கைவிரல் தடிமன்கூட இல்லாத ஒரு ரப்பர் வளையத்துக்காக ஒரு முழு மூடியை வாங்கச் சொல்வது ஒரு பக்கம் இருக்கட்டும். வாங்குகிறேன் என்றாலும் கொடுக்க ஆளில்லை என்பதை எந்தக் கணக்கில் எழுதுவது?

ஜாரைப் பழுது பார்க்க நேர்ந்த கதை வேறு. கொஞ்ச நாளாக அரைக்கும்போது ஜாரின் அடியில் ஈரம் கசிந்தது. ஓடும் சத்தமும் கரகரத்தது. பழுது பார்ப்பவர் ஜாரைக் கவிழ்த்து, கப்ளரைக் கழற்றி, பிளேடின் தண்டைச் சுற்றியிருந்த பச்சை வளையத்தைக் காட்டினார். பாசி என்று நான் நினைத்தேன். அது புஷ்ஷின் களிம்பு. தண்டு சுழலும் புஷ் செம்பு கலந்த உலோகம். அதன்மேல் இருக்கும் சிறு வாஷர் தேய்ந்ததும் வினிகர் உள்ளே இறங்கி அதை அரித்திருக்கிறது. துருப்பிடிக்காத எஃகு ஜாரும் பிளேடும் அப்படியே பளபளவென்று இருந்தன. புது புஷ்ஷும் அடி வாஷரும் போட்டு அன்று மாலையே கொடுத்துவிட்டார். கூலியும் நியாயமாகத்தான் வாங்கினார். இங்கே நியாயத்தையும் பேச வேண்டும்: இந்தப் பழுது இந்த மிக்ஸிக்கு மட்டும் உரியதன்று. செம்புக் கலப்புள்ள புஷ் பொருத்திய எந்த ஜாரிலும் வினிகரை ஓயாமல் அரைத்தால் இதுதான் நடக்கும். அரைத்ததும் சாஸை உடனே கண்ணாடிக்கு மாற்றிவிட்டு, ஜாரில் வெறும் தண்ணீரை ஊற்றி ஒரு சுற்று ஓடவிட்டுக் கவிழ்த்துவைக்க வேண்டும். 2023இல் மின்வெட்டு தலைவிரித்தாடிய மாதங்களில் இதற்குக்கூடக் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நிற்க வேண்டியிருந்தது. இவ்வளவும் ஒழுங்காகச் செய்தும் பச்சை வந்தது. ஆகவே புஷ்ஷைத் தேயும் பொருளாகவே கணக்கில் வைத்துக்கொண்டேன், கம்பெனியின் மேல் அந்த விஷயத்தில் எனக்குக் கோபமில்லை. அட்டைப்பெட்டியின் முன்பக்கத்தில் சிவப்புச் சாஸ் நிறைந்த பாட்டிலின் படத்தை அச்சிட்டுவிட்டு, கையேட்டில் வினிகரைப் பற்றி ஒரு சொல்கூட எழுதாமல் விட்டதற்காகக் கொஞ்சம் கோபம் உண்டு.

சென்னையிலிருந்து யாராவது வாங்கிவந்து தருவதாகச் சொன்னால் பிளக்கைக் கவனிக்கச் சொல்லுங்கள். அங்குள்ள 16 ஆம்பியர் பிளக் நம் வீட்டுப் பெரிய மூன்று துளைச் சாக்கெட்டில் நேராகப் பொருந்தும். மிக்ஸிகளில் பெரும்பாலும் வருவது 6 ஆம்பியர் சிறிய பிளக், அதற்கு அடாப்டர் வேண்டும்.

நாத்தனாருக்கு நான் எழுதிய பதில், வாங்காதே என்பது. மேலே எழுதிய பாராட்டையெல்லாம் படித்தவர்களுக்கு இது விசித்திரமாகத் தோன்றலாம். இவ்வளவு மையாக அரைக்கும் வேறொரு மிக்ஸியை நான் கண்டதில்லை என்பதும், என் மிக்ஸியை யார் கேட்டாலும் கொடுக்க மாட்டேன் என்பதும் உண்மைதான். ஆனாலும் பாயசம் வைக்கும் வீட்டுக்கு அதை என் வாயால் சிபாரிசு செய்ய முடியாது. விலை குறைந்திருக்கிறதே என்று அவள் எப்படியும் போய் நிற்பாள், அவளைப் பற்றி எனக்குத் தெரியும். போனால், பணம் கட்டும் முன் அதிகப்படியாக ஒரு மூடியை எடுத்துக் கண்ணெதிரே மேசையில் வைக்கச் சொல்ல வேண்டும்; சரக்கு வரும்போது சொல்லியனுப்புகிறோம் என்று ஆரம்பித்தால், ரசீது போடும் முன் வெளியே வந்துவிட வேண்டும்.