மருந்து டப்பாவில் ஈ.சி.யா, டபிள்யூ.பி.யா?

கிருஷ்ணகிரி மாவட்டம் காவேரிப்பட்டணம், பர்கூர் பக்கம் மா பூக்கும் பருவத்தில் பூச்சிமருந்துக் கடையில் எழும் கேள்வி இது. இரண்டும் மருந்தின் பெயரல்ல, வடிவம். ஈ.சி. எண்ணெய் போன்ற திரவம், டபிள்யூ.பி. நனையும் தூள். பக்கத்து எண் வீரியம்: 80 டபிள்யூ.பி. என்றால் நூறு கிராமில் 80 கிராம்தான் மருந்து.

கலப்பது:
ஈ.சி. – ஊற்றியதும் தண்ணீர் பாலாகும், வேலை முடிந்தது.
டபிள்யூ.பி. – அப்படியே கொட்டினால் கட்டி கட்டியாக மிதக்கும். வாளியில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் கூழாகக் குழைத்து, துணியில் வடிகட்டி டேங்கில் ஊற்றணும். கலக்குவதை நிறுத்தினால் அடியில் படியும், நாசில் (தெளிப்பான் முனை) அடைக்கும். ஒரு மரத்துக்குக் கெட்டி, அடுத்ததுக்கு வெறும் தண்ணீர்.

அடிக்கும் ஆளுக்கு:
ஈ.சி. – தோல் வழியே இறங்கும், கையுறை கட்டாயம்.
டபிள்யூ.பி. – அளக்கும்போது மூக்கில் ஏறும், மாஸ்க் வேண்டும்.

இலைக்கு:
ஈ.சி. உச்சி வெயிலில் தளிரைக் கருக்கலாம். தூள் பொதுவாகச் சாது. கந்தகம் மட்டும் கடும் வெயிலில் சுடும்.

கைத்தெளிப்பானோடு ஒற்றை ஆளாக அடிப்பவருக்கு ஈ.சி. சுலபம். சாம்பல் நோய்க்கு நனையும் கந்தகத் தூள் 10 லிட்டருக்கு 20 கிராம் போதும், விலையும் குறைவு. ஆனால் கந்தகம் அடித்து இரண்டு வாரத்துக்கு எண்ணெய் வகை எதையும் அந்த மரத்தில் அடிக்காதீர்கள்.