பாடகரின் குழுவா, விருந்து மேடையா?

கோலாலம்பூரில் பேஸ் கித்தாரை (பாட்டுக்கு அடியில் கனத்த ஒலி தரும் கித்தாரை) நம்பிப் பிழைக்க நினைக்கும் தம்பி தங்கைகளுக்கு இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, பேர்போன மலாய் பாப் பாடகரின் பின்னணிக் குழு. மற்றது, பிரிக்பீல்ட்ஸ், கிள்ளான் பக்கம் கல்யாண விருந்துகளுக்குப் போகும் தமிழ் இசைக்குழு. முதலில் விருந்து மேடை ஏறுங்கள் என்பேன்.

காது திறப்பது அங்கேதான். இளையராஜா பாடல் முடிந்ததும் பழைய மலாய்ப் பாடகர் பி. ரம்லியின் பாடல் கேட்பார்கள், அடுத்து இந்திப் பாடல். இளையராஜாவின் பேஸ், பாட்டுக்குப் பக்கத்திலேயே இன்னொரு பாட்டாக ஓடும். அதைக் காதால் கேட்டு எடுத்தவருக்கு மற்றதெல்லாம் எளிது. பாடுபவர் மேடையிலேயே திரும்பி, "அரைக் கட்டை இறக்குங்க தம்பி" என்பார். நாலு கம்பி பேஸில் மிகத் தாழ்ந்த சுரம் தரும் கம்பி 'ஈ', ஏறக்குறைய 41 ஹெர்ட்ஸ். ஈ சுருதிப் பாட்டை அரைக் கட்டை இறக்கினால் அந்த அடிச்சுரம் கம்பியில் இருக்காது. மேல் ஸ்தாயியில் வாசித்தால் பாட்டின் கனம் போய்விடும். 31 ஹெர்ட்ஸ் வரை இறங்கும் ஐந்து கம்பி பேஸ் வாங்கச் சொல்வது இதனால்தான்.

பாடகர் குழுவில் வேலை வேறு. புக்கிட் ஜாலில் உள்ளரங்கம் போன்ற பெரிய மேடையில் காதுக்குள் கிளிக் (தாளம் காட்டும் 'டிக் டிக்' ஒலி) ஓடும். விளக்குகூட அதன்படிதான் மாறும். ஆசைக்கு ஒரு தாளச் சுற்றைக் கூட்ட முடியாது. ஒவ்வொரு இரவும் அதே பாடல்கள். ஆனால் ஒரு சுரத்தைத் தொடங்குவதைவிட எங்கே நிறுத்துவது என்பதுதான் பெரிய வித்தை என்று அங்கே புரியும். காலால் அடிக்கும் பெரிய டிரம்மான கிக் டிரம்மோடு அது ஒட்டிவிட்டால் அரங்கமே அசையும். பின்னணி பாடவும் பழகுங்கள். 1995 முதல் ஆங்கில ராக் பாடகர் டேவிட் போவியிடம் பேஸ் வாசித்த கேய்ல் ஆன் டோர்சி, 'அண்டர் பிரஷர்' பாடலில் குயின் குழுவின் ஃப்ரெடி மெர்குரி பாடிய பகுதியை மேடையில் தானே பாடினார்.

பெயர் விஷயத்தில் இரண்டும் ஒன்றுதான்; பேஸ் வாசிப்பவர் பின்னால்தான் நிற்பார். டாரில் ஜோன்ஸ் 1993 முதல் ரோலிங் ஸ்டோன்ஸ் ராக் குழுவுக்கு பேஸ் வாசிக்கிறார். இன்றும் அதன் அதிகாரபூர்வ உறுப்பினர் இல்லை.

வருமானத்தில்தான் வித்தியாசம். ஆடியிலும் மார்கழியிலும் கல்யாணம் இல்லை. ரமலான் நோன்பு மாதத்தில் பாடகரின் கச்சேரி குறையும். அந்த மாதம் ஆண்டுக்குச் சுமார் 11 நாள் முன்னே நகர்வதால் இரண்டு வறட்சியும் எல்லா வருடமும் ஒன்றாக வராது. பாடகர் ஓய்வெடுத்தாலோ உங்கள் வருடமே காலி. ஊழியர் சேமநிதிக்கு நீங்களே கட்டுங்கள். சொந்தத் தொழில் செய்வோருக்கான 2017 சட்டத்தின்படி சொக்சோ எனும் சமூகப் பாதுகாப்பு அமைப்பிலும் பதியுங்கள்.

பாடகர் அழைத்தால் மூன்று கேள்வி கேளுங்கள். ஒத்திகைக்குச் சம்பளம் உண்டா? நிகழ்ச்சி ரத்தானால் என்ன தருவீர்கள்? கல்யாண விருந்தில் நான் வாசிக்க வேண்டிய நாளில் உங்கள் குழுவுக்கு மாற்று ஆளை அனுப்பலாமா? மூன்றாவதற்கு மறுப்பு வந்தால், மாதச் சம்பளம் பேசாமல் கையெழுத்துப் போடாதீர்கள்.