கையெழுத்து வைக்கும் முன் அந்தத் தாளை வாசியுங்கள்

2022 ஜூலை, கொழும்பு. பொருளாதார நெருக்கடி நேரம். பெட்ரோல் இல்லை, பள்ளிக்கூடம் இல்லை, என்னிடம் ட்யூஷனுக்கு வந்த பிள்ளைகளும் நின்றுவிட்டார்கள். அந்த நேரம் வெள்ளவத்தையில் ஒரு ஸ்டூடியோக்காரர், "தங்கச்சி, சேலைக் கடைக்குப் படம். மூன்று மணித்தியாலம் சிரிச்சாப் போதும், எட்டாயிரம்" என்றார். போனேன்.

முடிந்ததும் ஆங்கிலத்தில் இரண்டு பக்கத் தாள் ஒன்றை நீட்டினார். "எல்லாரும் வைக்கிறதுதான்." காசு மேசையில் இருந்தது. வாசிக்காமலே கையெழுத்து வைத்தேன். பிரதியும் கேட்கவில்லை, மடைச்சி.

எட்டு மாதம் கழித்து மச்சாள் ஒரு ஸ்கிரீன்ஷாட் அனுப்பினாள். வெள்ளையாக்கும் கிரீம் விளம்பரம். இடது பக்கம் என் முகத்தைக் கரியாக்கி 'முன்பு', வலது பக்கம் 'பின்பு'. உதட்டுக்கு மேல் இருக்கும் என் மச்சம் இடது படத்தில் மட்டும் இருந்தது. வலதில் அழித்துவிட்டார்கள். அதற்குப் பிறகு பல் தீட்டும்போதெல்லாம் கண் அந்த மச்சத்துக்கே போகும். 25 வருஷமாக அது இருப்பதையே நான் யோசித்ததில்லை.

அடுத்தது இன்னும் மோசம். குழந்தையின்மைச் சிகிச்சை விளம்பரம், அதே சிரிப்பு. எனக்குக் கல்யாணமே ஆகவில்லை. "பிள்ளைக்கு என்ன பிரச்சினை?" என்று அம்மாவுக்கு ஃபோன் வரத் தொடங்கியது. வெள்ளிக்கிழமை தவறாமல் பம்பலப்பிட்டி கதிரேசன் கோயிலுக்குப் போகிறவர், கேட்பவர்களுக்குப் பயந்து செவ்வாய்க்கு மாறினார். என்னிடம் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் சண்டையாவது பிடித்திருப்பேன்.

ஸ்டூடியோவில் கேட்டால், "நீங்கதானே சைன் வச்சீங்க" என்றார்கள். படங்களை இணையத்தில் படம் விற்கும் தளம் ஒன்றில் போட்டிருக்கிறார்கள். அந்தத் தாளின் பெயர் மாடல் ரிலீஸ், படத்தில் இருப்பவர் கொடுக்கும் சம்மதப் பத்திரம். உலகம் முழுக்க, எந்தத் தேவைக்கும், காலவரையறை இல்லாமல், திரும்பப் பெற முடியாதபடி என்று அதில் இருக்கிறதாம். காசு கட்டியவன் எவனும் எடுத்துப் போடலாம்.

இப்படி மாட்டியவர்கள் ஒன்று செய்யுங்கள். படம் விற்கும் பெரிய தளங்கள் பலவற்றில், மாடலுக்கு நோய் இருப்பதுபோல் காட்டும் விளம்பரங்களுக்குத் தடையோ கட்டுப்பாடோ உண்டு. அந்த விதியைக் காட்டி எழுதினேன், சிகிச்சை விளம்பரம் இறங்கியது. கிரீம் இன்னும் ஓடுகிறது.

இனிப் போகிறவர்கள், எந்தக் கடைக்கு, எத்தனை மாதத்துக்கு என்று தாளிலேயே எழுதச் சொல்லுங்கள். 'எந்தத் தேவைக்கும்' என்று இருந்தால் வெட்டிவிட்டுப் பக்கத்தில் இருவரும் கையெழுத்து வையுங்கள். மாட்டேன் என்றால் எழும்பி வாருங்கள்.

என் தாளின் பிரதியை இன்னும் தரவில்லை. திங்கட்கிழமை மறுபடி போகிறேன், இந்த முறை அம்மாவும் வருகிறாராம்.