ரோமில் உணவு நடை: தெஸ்தாச்சோவா, திராஸ்தேவெரேயா?

ரோமில் வழிகாட்டியோடு நடந்து சாப்பிட ஒரு வேளைதான் இருக்கிறது என்றால், தெஸ்தாச்சோ பகுதிக்குப் போங்கள் என்பேன். காலையில், நல்ல பசியோடு. 1975 வரை நகரின் பெரிய இறைச்சிக்கூடம் இங்கேதான் இயங்கியது. அங்கே வேலை செய்தவர்களுக்குக் கூலியின் ஒரு பங்காகக் குடலும் வாலும் கிடைத்தன. இந்தப் பகுதியின் சமையலே அதிலிருந்து பிறந்ததுதான். தக்காளியில் வெந்த மாட்டுக் குடலின் மேல் புதினாவும் பெக்கோரினோ சீஸும் தூவித் தருவார்கள். சந்தையில் அதையே ரொட்டிக்குள் வைத்தும் வாங்கலாம். 2012-இல் சந்தை புதுக் கட்டடத்துக்கு மாறிவிட்டது. ஆனாலும் காய்கறி வாங்க வரும் உள்ளூர்க்காரர்களுக்கு நடுவே நின்று சாப்பிடுவது தனி சுகம்.

திராஸ்தேவெரே பகுதி மாலைக்கு ஏற்றது. கல் பாவிய சந்துகள், ஃபிராஸ்காட்டி வெள்ளை ஒயின், மொசரெல்லா சீஸ் வைத்துப் பொரித்த சுப்ளி என்ற அரிசி உருண்டை, கடைசியில் ஜெலாட்டோ என்ற இத்தாலிய ஐஸ்கிரீம். அழகு அதிகம், கூட்டமும் அதிகம். டைபர் ஆற்றின் எதிர்க்கரையிலுள்ள யூதர் பகுதியையும் சேர்த்துக் காட்டும் நடை கிடைத்தால் அதையே எடுங்கள். ஆர்ட்டிச்சோக் என்ற பூமொட்டுக் காயை முழுதாக மொறுமொறுவென்று பொரித்தது அங்கே கிடைக்கும். சைவர்களுக்கு இதுதான் சரி. அப்புறம், சுப்ளியில் பெரும்பாலும் இறைச்சிச் சாறு இருக்கும், பெக்கோரினோவில் ஆட்டுக்குட்டியின் ரென்னெட் (பாலைத் திரியவைக்க வயிற்றிலிருந்து எடுக்கும் நொதி) சேரும். முன்பதிவின்போதே சொல்லிவிடுங்கள்.