கேம் திறக்கவில்லை என்று கொடுத்த லேப்டாப்பில் நல்ல டிஸ்க்கையே மாற்றிவிட்டார்கள்

திருநெல்வேலி, பாளையங்கோட்டைப் பக்கம் லேப்டாப்பைப் பழுது பார்க்கக் கொடுக்கப் போகிறவர்கள், அதிலும் வீட்டில் கேம் விளையாடுகிற பிள்ளைகள் இருப்பவர்கள், இதை வாசித்துவிட்டுப் போங்கள். எங்களுக்கு 6,200 ரூபாய் போனது. கூடவே, இனி எங்கே தேடினாலும் கிடைக்காத சில படங்களும் போயின. லேப்டாப்பில் பழுது எதுவும் இருக்கவில்லை என்பது பிறகுதான் தெரிந்தது.

நாங்கள் மகாராஜநகரில் இருக்கிறோம். தம்பி பாலிடெக்னிக்கில் படிக்கிறான். லேப்டாப் அவனுடையது என்றாலும் வீட்டுக்கே அது ஒன்றுதான். என் கணக்கு வேலை, அம்மாவின் ரேஷன் கார்டு விண்ணப்பம், ஆச்சியின் மருத்துவச் சீட்டு ஸ்கேன் எல்லாமே அதில்தான் இருந்தன. அவன் ஒரு கார் ரேஸ் கேம் விளையாடுவான். ஒரு நாள் அதை மூடிவிட்டு மறுபடி திறக்கப் பார்த்தான், திறக்கவில்லை. ஐகானைத் தட்டினால் மவுஸ் பக்கத்தில் வளையம் இரண்டு சுற்றுச் சுற்றும், அப்புறம் ஒன்றும் இருக்காது. பிழைச் செய்தி கூட வராது. கேம்களை வாங்கித் திறக்கிற ஸ்டீம் என்ற செயலியில் ‘பிளே’ என்று இருக்க வேண்டிய பொத்தான் மட்டும் ‘ஸ்டாப்’ என்றே நின்றது. விடை அந்தப் பொத்தானிலேயே எழுதியிருந்தது. எங்கள் இரண்டு பேருக்கும் அதைப் படிக்கத் தெரியவில்லை.

“ஆஃப் பண்ணி ஆன் பண்ணிப் பாருலே” என்றேன். பண்ணினான். மூன்று நாளாக இதே கதை. சனிக்கிழமை நான் ஜங்ஷன் பக்கம் ஒரு கடையில் கொண்டுபோய்க் கொடுத்தேன். கடையின் பெயரை இங்கே எழுதவில்லை, விஷயம் இன்னும் முடியவில்லை. கடைக்காரர் நன்றாகத்தான் பேசினார். பாஸ்வேர்டு கேட்டார், சொன்னேன். அதை ஒரு துண்டு செல்லோ டேப்பில் பேனாவால் எழுதி லேப்டாப் மூடியின் மேலேயே ஒட்டினார். அது எனக்கு உறுத்தியது. ஆனாலும் ஒன்றும் சொல்லாமல் வந்துவிட்டேன்.

திங்கட்கிழமை போன் வந்தது. “கேம் ஆடி ஆடி டிஸ்க் செத்துட்டு தங்கச்சி. புதுசு போட்டாத்தான் ஆகும். பழசுல இருந்து இனி ஒண்ணும் எடுக்க முடியாது.” ஆபீஸில் இருந்தேன், பக்கத்தில் ஆட்கள் நின்றார்கள். சரி, போடுங்க அண்ணாச்சி என்று சொல்லிவிட்டேன். செவ்வாய்க்கிழமை சாயங்காலம் போய் வாங்கினேன். புது 512 ஜிபி எஸ்.எஸ்.டி. (சுழலும் தட்டு இல்லாத, சிப்பில் சேமிக்கிற டிஸ்க்) 4,200, விண்டோஸ் கீ (விண்டோஸுக்கான உரிம எண்) 1,200, சர்வீஸ் 800. கடையின் பெயர் கூட இல்லாத ஒரு வெள்ளைத் தாளில் ‘எஸ்டிமேட்’ என்று எழுதித் தந்தார். ஜி.எஸ்.டி. பில் கேட்டதற்கு, பில் போட்டால் 18 சதவீதம் கூட ஆகும், உங்களுக்குத்தான் நஷ்டம் என்றார். பணத்தை மட்டும் போனில்தான் அனுப்பினேன், அந்தப் பதிவு இருந்தது. பிற்பாடு என்னைக் காப்பாற்றியது அது ஒன்றுதான். கிளம்பும்போது, “டிஃபெண்டர் ஏதாச்சும் சொன்னா கண்டுக்காதீங்க, அதை ஆஃப் பண்ணி வச்சிருக்கேன், ஆன் பண்ணிராதீங்க” என்றும் சொன்னார். டிஃபெண்டர் என்பது விண்டோஸோடு வருகிற வைரஸ் தடுப்பு.

தம்பி அன்று ராத்திரி முழுக்க கேமைத் திரும்ப டவுன்லோடு போட்டான். விளையாட்டின் சேமிப்பு இணையத்தில் ஸ்டீம் கிளவுடில் இருந்ததால் விட்ட இடத்திலிருந்தே வந்துவிட்டது. மூன்றாம் நாள் அதே வளையம், அதே ‘ஸ்டாப்’.

அத்தான் பெங்களூரில் கம்ப்யூட்டர் வேலையில் இருக்கிறார். போனைப் போட்டேன். விவரம் முழுவதும் கேட்டுவிட்டு, “ஏட்டி, கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூணையும் சேர்த்து அமுக்கு” என்றார். என்னென்ன ஓடுகிறது என்று காட்டுகிற டாஸ்க் மேனேஜர் திறந்தது. அதில் ‘டீடெய்ல்ஸ்’ பகுதியில் இறங்கிப் பார்த்தால், மூடிவிட்டோம் என்று நினைத்த கேமின் பெயர் அங்கே இருக்கிறது, 1,400 எம்பிக்கு மேலே நினைவகத்தைப் பிடித்துக்கொண்டு. அதன் மேல் வைத்து ‘எண்ட் டாஸ்க்’ கொடுக்கச் சொன்னார். கொடுத்தேன். ஸ்டீமில் பொத்தான் ‘பிளே’ என்று மாறியது. தம்பி தட்டினான். கேம் திறந்துவிட்டது. பத்து வினாடி கூட ஆகியிருக்காது. தம்பி ஒன்றும் பேசவில்லை. நான் எழுந்து அடுப்பங்கரைக்குப் போய்விட்டேன்.

அத்தான் சொன்ன விளக்கத்தை எனக்குப் புரிந்த மாதிரி எழுதுகிறேன். குளியலறையில் ஒருவர் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு இருந்தால், அடுத்து வருகிறவர் கதவைத் தொட்டுப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார் இல்லையா, பல கேம்களும் அப்படித்தான். ஒரே நேரத்தில் இரண்டு பிரதி ஓடக்கூடாது என்பதற்காகத் திறந்தவுடன் ஒரு பூட்டைப் போட்டுக்கொள்ளும். ஜன்னலை மூடிய பிறகும் உள்ளே ஓடுவது சரியாக முடியாமல் தொங்கினால் பூட்டு அப்படியே இருக்கும். இரண்டாவது முறை தட்டும்போது புதிதாக வருகிற பிரதி பூட்டைப் பார்த்துவிட்டுச் சத்தமில்லாமல் போய்விடும். பார்க்கிற நமக்கோ கேமே திறக்காத மாதிரி இருக்கும்.

ஆஃப் பண்ணி ஆன் பண்ணினோமே என்று கேட்டேன். எப்படி ஆஃப் பண்ணினீர்கள் என்று கேட்டார். தம்பி பவர் பட்டனை ஒரு தட்டுத் தட்டுவான், இல்லையென்றால் மூடியைச் சாத்துவான். பெரும்பாலான விண்டோஸ் லேப்டாப்களில் அந்த இரண்டுமே ‘ஸ்லீப்’தான். ஸ்லீப்பில் எதுவும் முடிவதில்லை, எல்லாம் இருந்த இடத்திலேயே உறைந்து கிடந்து மறுபடி எழும். ஸ்டார்ட் மெனுவில் போய் ‘ரீஸ்டார்ட்’ கொடுத்திருந்தால் முதல் நாளே தீர்ந்திருக்கும். கடையிலும் ஒரு தடவையாவது ரீஸ்டார்ட் செய்திருப்பார்கள், கேம் திறந்ததைக் கண்ணால் பார்த்தும் இருப்பார்கள். அதை நினைக்கும்போதுதான் எனக்கு வயிறு எரிகிறது.

கேம் ஏன் முடியாமல் தொங்கியது என்றால், திரையின் ஓரத்தில் எஃப்.பி.எஸ். (வினாடிக்கு எத்தனை படம் ஓடுகிறது என்ற எண்) காட்டுகிற ஒரு சின்ன மென்பொருளைத் தம்பி போட்டு வைத்திருந்தான். அந்த மாதிரி ஓவர்லே எல்லாம் ஓடுகிற கேமுக்குள் நுழைந்து உட்கார்ந்துதான் எண்ணைக் காட்டும். சில கேம்களில் முடியும் நேரத்தில் அதுவே இழுத்துப் பிடித்துவிடும். புது டிஸ்க்கிலும் அதையே போட்டிருந்தான். எடுத்துவிட்டோம். அதற்குப் பிறகு ஒருநாளும் தொங்கவில்லை.

எல்லாருக்கும் இதே காரணமாகத்தான் இருக்கும் என்று சொல்லமாட்டேன். டாஸ்க் மேனேஜரில் பெயர் இல்லாமலே கேம் திறக்கவில்லை என்றால், ஸ்டீமில் கேமின் பெயர் மேல் வலது கிளிக் செய்து ‘பிராபர்ட்டீஸ்’ போய், ‘இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்’ பகுதியில் கோப்புகளைச் சரிபார்க்கிற வசதியைப் பாருங்கள். கெட்டுப்போன கோப்பை மட்டும் அதுவே திரும்ப இறக்கிக்கொள்ளும். எம்எஸ்விசிபி140 அல்லது விசிரன்டைம்140 என்ற டிஎல்எல் (கேமுக்கு வேண்டிய ஒரு துணைக் கோப்பு) காணவில்லை என்று செய்தி வந்தால், விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்பதை மைக்ரோசாஃப்டிடமிருந்தே இலவசமாக இறக்கிப் போட்டால் பெரும்பாலும் தீரும். டிஎல்எல்லைத் தனியாகத் தருகிறோம் என்கிற தளங்களுக்குப் போகாதீர்கள், வைரஸ் வருகிற வழி அது. திரைக் காட்சியை ஓட்டுகிற கிராஃபிக்ஸ் டிரைவர் மென்பொருளையும் புதுப்பித்துப் பாருங்கள். இவ்வளவும் வீட்டிலேயே, காசில்லாமல் செய்யக்கூடியவை. கடைக்குப் போவது இதற்கெல்லாம் அப்புறம்தான்.

அத்தான் விடவில்லை. கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ என்ற இலவச மென்பொருளைப் போடச் சொன்னார். டிஸ்க் எத்தனை மணி நேரம் ஓடியிருக்கிறது என்பதை டிஸ்க்கே கணக்கு வைத்திருக்குமாம், இது அதை எடுத்துக் காட்டும். போட்டுப் பார்த்தோம். ‘பவர் ஆன் ஹவர்ஸ்’ என்ற இடத்தில் 9,412 என்று இருந்தது. எங்கள் வீட்டுக்கு வந்து மூன்று நாள் ஆன புது டிஸ்க்! 9,412 மணி நேரம் என்றால் இராப்பகலாக ஓடினாலும் 392 நாள். எங்கேயோ ஓடித் தேய்ந்ததைத் துடைத்து எங்களுக்குப் போட்டிருக்கிறார்கள். விண்டோஸ் கீ கதையும் அப்படித்தான். விண்டோஸோடு வாங்கிய லேப்டாப்பில் உரிமம் மதர்போர்டோடு சேர்ந்தது. டிஸ்க்கை மாற்றி அதே பதிப்பைத் திரும்பப் போட்டால், இன்டர்நெட் கிடைத்ததும் தானாகவே ஆக்டிவேட் ஆகிவிடும். எங்களுக்கு 1,200 ரூபாய்க்குப் போட்டுத் தந்தது வேறு பதிப்பு, அதோடு உரிமம் இல்லாத விண்டோஸை ஏமாற்றி ஓட வைக்கிற ஒரு திருட்டு ஆக்டிவேட்டர். டிஃபெண்டரை ஆன் பண்ணாதே என்றதும் அதற்காகத்தான்.

பழைய டிஸ்க் அவர்களிடமே இருக்கிறது என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. அதில் தம்பியின் ஸ்டீம் கணக்கு திறந்தபடி இருந்தது, பிரவுசரில் என் பாஸ்வேர்டுகள் எல்லாம் சேமித்துக் கிடந்தன. அன்று ராத்திரியே உட்கார்ந்து எல்லாவற்றையும் மாற்றினோம். ஸ்டீமில் மற்றக் கருவிகள் அனைத்தையும் வெளியேற்றுகிற வசதி கணக்கின் பாதுகாப்பு அமைப்புகளில் இருக்கிறது, அதையும் செய்தோம்.

மறுநாள் கடைக்குப் போய்ப் பழைய டிஸ்க்கைக் கேட்டேன். “அது அன்னைக்கே குப்பைக்குப் போயிட்டே” என்றார். 9,412 எழுதியிருந்த படத்தைக் காட்டினேன். கம்பெனியிலிருந்தே அப்படித்தான் வருகிறது என்றார். வாதாடிப் பார்த்தேன், ஒன்றும் நடக்கவில்லை. பஸ்ஸில் திரும்பி வரும்போதே 1915-க்குப் போன் செய்தேன். தேசிய நுகர்வோர் உதவி எண் அது. தமிழிலேயே பேசினார்கள், புகாரைப் பதிந்துகொண்டார்கள். முதலில் கடைக்கு எழுத்தில் ஒரு நோட்டீஸ், அதற்குப் பதில் இல்லையென்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் மனு என்று வழி சொன்னார்கள். நாம் கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய்க்குள் என்றால் மனுவுக்குக் கட்டணமே கிடையாது, சம்பவம் நடந்து 2 வருஷத்துக்குள் போட வேண்டும். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில், பொருளுக்கோ சேவைக்கோ பில் தராமல் இருப்பதையே நியாயமற்ற வணிக நடைமுறை என்று வைத்திருக்கிறார்கள். எனக்கு அது தெரியவே தெரியாது. பில் வாங்காதது என் தப்பு என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன்.

இரண்டு பக்கத்துக்கு எழுதினேன். தேதி, தொகை, பணம் அனுப்பிய பதிவு, அந்த எஸ்டிமேட் தாளின் நகல், 9,412 மணி நேரம், பில் மறுத்தது எல்லாவற்றையும் வைத்து 15 நாள் கெடு கொடுத்து ஸ்பீட் போஸ்டில் அனுப்பினேன். ஐந்தாம் நாள் அவரே கூப்பிட்டார். குப்பைக்குப் போன டிஸ்க் கிடைத்துவிட்டதாம். அவர் போட்ட டிஸ்க்கைத் திருப்பிக் கொடுத்ததும் 4,200 வந்தது, பழைய டிஸ்க்கும் கைக்கு வந்தது. மீதி 2,000 தரமாட்டேன் என்றுவிட்டார்.

முருகன்குறிச்சிப் பக்கம் வேறு ஒருவரிடம் அந்த டிஸ்க்கைக் கொண்டுபோனேன். எல்லாக் கடைக்காரரும் ஒரே மாதிரி இல்லை, இவரைச் சொல்லாமல் விட்டால் பாவம். என் கண் முன்னாலேயே மாட்டிப் பார்த்தார். ஆரோக்கியம் 97 சதவீதம். செத்ததாகச் சொன்ன டிஸ்க் அது. ஆனால் அடுத்தவருக்கு விற்கத் தயாராக ஃபார்மட் போட்டு விண்டோஸும் ஏற்றியிருந்தார்கள். இரண்டு மணி நேரம் மீட்டுப் பார்த்தார். சுழலுகிற பழைய வகை ஹார்ட் டிஸ்க் என்றால் அழித்ததில் ஏதாவது கிடைக்க வாய்ப்பு உண்டாம். எஸ்.எஸ்.டி.யில் அழித்த இடத்தை விண்டோஸே ‘ட்ரிம்’ என்ற கட்டளை கொடுத்துக் காலி பண்ணச் சொல்லிவிடுவதால் கிடைப்பது அரிது என்றார். ஒன்றும் கிடைக்கவில்லை. காசு கொடுத்தேன், வாங்கவில்லை.

போன வருஷம் இறந்துபோன எங்கள் ஆச்சியின் படங்கள் அதில் இருந்தன. கல்லிடைக்குறிச்சி வீட்டு முற்றத்தில் ஆச்சி அப்பளம் இடுகிற வீடியோவும் இருந்தது, 40 வினாடி. குழவியை உருட்டிக்கொண்டே நிமிர்ந்து பார்த்து, “எடுத்தது போதும், வந்து ஒரு கை பிடி” என்று சொல்லுவாள். போனில் இடமில்லை என்று நான்தான் லேப்டாப்பில் ஏற்றிவிட்டுப் போனில் அழித்தேன். சித்தியின் வாட்ஸ்அப்பில் மூன்று படங்கள் கிடைத்தன. வீடியோவை யாருக்கும் அனுப்பியிருக்கவில்லை.

கொடுத்தே ஆகவேண்டிய நிலை வந்தால், அதற்கு முன்னால் படங்களை வேறு ஒரு இடத்தில் ஏற்றிவிடுங்கள். டிஸ்க்கின் சீரியல் நம்பரும் ஓடிய மணிக் கணக்கும் தெரிகிற மாதிரி ஒரு போட்டோ எடுத்து வையுங்கள். டாஸ்க் மேனேஜரில் ‘பெர்ஃபார்மன்ஸ்’ பகுதியில் ரேம் எவ்வளவு என்று காட்டும், அதையும் எடுங்கள், ரேமைக் கழற்றுகிறவர்களும் இருக்கிறார்கள். எந்தப் பாகத்தை மாற்றினாலும் பழையதை என் கையில் தரவேண்டும் என்று கொடுக்கும்போதே சொல்லுங்கள். போனில் கேட்டுச் சம்மதம் சொல்லாதீர்கள், நேரில் போய்ப் பாருங்கள். இணையத்தில் தேடினால் வருகிற ‘சப்போர்ட்’ எண்களைக் கூப்பிட்டு, அவர்கள் சொல்கிற செயலியைப் போட்டுத் திரையை அவர்கள் கையில் கொடுப்பது இதைவிட மோசம். அதில் பணம் போனால் உடனே சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்குக் கூப்பிடுங்கள், தாமதிக்க வேண்டாம்.

மீதி 2,000 ரூபாய்க்கும் அழித்த கோப்புகளுக்கும் மாவட்ட ஆணையத்தில் மனு எழுதி வைத்திருக்கிறேன், திங்கட்கிழமை கொடுக்கிறேன். இதே மாதிரி பழைய டிஸ்க் மாட்டப்பட்டு எஸ்டிமேட் தாள் வைத்திருப்பவர்கள் இருந்தால் சொல்லுங்கள்.