‘ஏழே நாள்ல ஸ்டே’னு சொன்னா பணம் கட்டாதீங்க: 38,500 ரூபாய் போச்சு

38,500 ரூபாய். பக்கத்து மனைக்காரர் சுவர் எழுப்புறதைத் தடுக்க ஸ்டே வேணும்னு, வக்கீல் பிடிச்சுத் தர்ற ஒரு ஆன்லைன் சட்டச் சேவைத் தளத்துக்கு எங்க பெரியம்மா கட்டின பணம். நேத்து சாயங்காலம், அவங்க 4 அடிப் பாதையையும் உள்ளே சேர்த்துப் பக்கத்து மனைக்காரர் சுவர் எழுப்பி முடிச்சுட்டார். சிமெண்ட் இன்னும் காயலை.

தளத்துலேர்ந்து போன்ல பேசின பொண்ணு முதல்லயே, "அம்மா, தாய்ப்பத்திரம் இருக்கா? பட்டா உங்க பேர்ல இருக்கா? வில்லங்கச் சான்றுல நான்கெல்லை சரியா வருதா?"ன்னு கேட்டிருக்காங்க. சரியான கேள்விகள். விஷயம் தெரிஞ்சவங்கன்னு பெரியம்மா நம்பினது அங்கேதான். "அப்ப ஏழே நாள்ல ஸ்டே உங்க கையில"ன்னதும் 38,500 ரூபாயும் ஒரே தடவையில போயிருச்சு.

ஆர்டர் வரவும் செஞ்சது, அதான் கொடுமை. எட்டாம் நாள் வாட்ஸப்ல வந்துச்சு. "வேலை முடிஞ்சுதும்மா"ன்னு கூடவே ஒரு வரி. ஆர்டரோட கடைசிப் பத்தியை யாரும் அவங்களுக்குப் படிச்சுச் சொல்லலை: எதிர்மனுதாரருக்கு நோட்டீஸ், 17ஆம் தேதி வரை மட்டும் தடை.

நாம ஸ்டேங்கிறது சட்டத்துல இடைக்கால உறுத்துக்கட்டளை. உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 39, விதி 1, 2. எதிர்தரப்பைக் கேட்காமலே கொடுத்தா விதி 3 வந்து உட்காரும். மனு, பிரமாணப் பத்திரம், பிராது (வழக்கு மனு), ஆவணம் எல்லாத்தோட நகலையும் உடனே எதிர்தரப்புக்குப் பதிவுத் தபால்ல அனுப்பணும், இல்லைன்னா நேர்ல கொடுக்கணும். அனுப்பியாச்சுன்னு அன்னிக்கோ மறுநாளோ கோர்ட்ல பிரமாணப் பத்திரம் போடணும். வழக்குக் கட்டைப் பிரிச்சுப் பார்த்தா தபால் ரசீதும் இல்லை, அந்தப் பத்திரமும் இல்லை. நோட்டீஸ் அனுப்ப கோர்ட்ல கட்டுற பேட்டாவே கட்டலை. 17ஆம் தேதி வாய்தாவுக்கு ஆளும் போகலை. கேட்க ஆளில்லாததால தடை நீட்டிக்கப்படலை. 18ஆம் தேதி காலையில பக்கத்துல அஸ்திவாரம் தோண்டியாச்சு.

தளத்துக்குப் போன் பண்ணினா, "நாங்க இணைச்சு விடுறது மட்டும்தான் மேடம், வக்கீலைக் கேளுங்க." வக்கீலைக் கேட்டா, "எனக்கு ஃபைலிங்குக்கு மட்டும்தான் பேச்சு, வாய்தாவுக்குத் தனி ஃபீஸ், அதை அவங்க அனுப்பலை." மறுபடி தளத்துக்கு எழுதினதுக்கு, ‘சேவை நிறைவேற்றப்பட்டது’ன்னு புகாரையே மூடிட்டாங்க. 38,500 ரூபாய் வாங்கிட்டு நிறைவேற்றின சேவை இது!

இப்ப நிலைமை என்ன தெரியுமா? தடையை மீறினா விதி 2ஏ-படி சொத்தை ஜப்தி பண்ணலாம், மூணு மாசம் வரை சிவில் சிறையில வைக்கலாம். ஆனா சுவர் எழும்பின நாள்ல தடையே உயிரோட இல்லையே, எதை மீறினார்னு சொல்றது? இனி பிராதைத் திருத்தி, சுவரை இடிக்கச் சொல்லி செயலுறுத்துக்கட்டளை கேட்கணும். அளந்து பார்க்க வக்கீல் கமிஷனர் வேணும். கட்டி முடிச்சதை இடைக்கால மனுவிலேயே இடிக்கச் சொல்ல கோர்ட்டு லேசுல இறங்காது, பெரும்பாலும் முழு விசாரணைதான். எதிர்தரப்பு பதில் போடுற எதிருரைக்கு 30 நாள், நீட்டிச்சா 90 நாள்னு சட்டம் சொல்லுது. வாய்தா கேட்டுத் தள்ளிப்போடுறதும் ஒரு தரப்புக்கு மூணு தடவைக்கு மேல கூடாதுங்குது. முன்சீப் கோர்ட்டுப் படியேறினவங்களுக்குத் தெரியும் அது எத்தனை வருஷம் இழுக்கும்னு. 4 அடிப் பாதைக்கு, ஒரே ஒரு வாய்தாவுக்கு ஆள் போகாததால!

வக்கீல் மேல நுகர்வோர் கோர்ட்டுக்கும் போக முடியாது, 2024 மே மாசம் உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. மாநில பார் கவுன்சில்லதான் புகார். வக்கீல் தொழிலுக்கு இப்படி ஆன்லைன்ல ஆள் பிடிக்கிறதே தப்புன்னு 2024 ஜூலையில சென்னை உயர் நீதிமன்றம் கண்டிச்சிருக்கு. அப்படியும் விளம்பரம் வந்துட்டேதான் இருக்கு.

என்னென்ன பார்க்கணும்னு விரிவா எழுத நினைச்சேன், இப்ப மனசு ஓடலை. அவசரத்துக்கு இவ்வளவு: ஆர்டர் வந்தா எந்தத் தேதி வரைன்னு முதல்ல பாருங்க. வழக்கோட தனி அடையாளமான 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை வாங்கி, இ-கோர்ட்ஸ் ஆப்ல நீங்களே வாய்தாவைப் பாருங்க. எண் தராதவங்களுக்கு அடுத்த பைசா கொடுக்காதீங்க. தபால் ரசீது நகலைக் கையில வாங்குங்க. ஃபீஸ் எதுக்கெல்லாம்னு, வாய்தாவும் சேர்த்தா இல்லையான்னு எழுதி வாங்குங்க. பெண்களுக்கு இலவச சட்ட உதவிக்கு வருமான வரம்பே கிடையாது. தாலுகா கோர்ட்லயே சட்டப் பணிகள் குழு இருக்கு. பெரியம்மாவுக்கு அங்கேயே வக்கீல் கிடைச்சிருப்பார், 38,500 ரூபாய் இல்லாம.

எதிர்தரப்பு உங்க மேல தடை வாங்கிருவாங்கன்னு சந்தேகம் இருந்தா இன்னிக்கே கேவியட் போடுங்க, அதாவது உங்களைக் கேட்காம உத்தரவு போடக்கூடாதுன்னு கோர்ட்ல முன்கூட்டியே கொடுக்கிற மனு. 90 நாள்தான் செல்லும், தேதியைக் குறிச்சு வெச்சு மறுபடி போடுங்க.